விழ வேண்டிய இடம்

மாசிலாமணி இருபத்திரண்டு வருடங்களில் மேடையில் நாற்பத்தோரு பேருக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்திருக்கிறார். பதினேழு தந்திகள் கொடுத்திருக்கிறார். "எஜமான், வாசலில் யாரோ வந்திருக்கிறார்கள்" என்று எத்தனை முறை சொன்னார் என்பது அவருக்கே நினைவில்லை. வாசலில் வந்தவர் ஒருமுறைகூட மாசிலாமணியாக இருந்ததில்லை. குறைந்தபட்சம் ஓர் அண்டர் செக்ரெட்டரியாக இருந்தார்.

இதில் யாரையும் குறை சொல்ல முடியாது. தில்லி யமுனைத் தமிழ் நாடக மன்றத்தின் விதி பதினான்கு, உட்பிரிவு ஆ, சந்தேகத்துக்கு இடமில்லாமல் சொல்கிறது: பாத்திரங்கள், உறுப்பினர்கள் மத்திய சர்க்காரில் வகிக்கும் பதவியின் வரிசைப்படி வழங்கப்படும்.

மன்றம் தொடங்கிய புதிதில் இந்த விதி கிடையாது. நடிக்கத் தெரிந்தவர்களே நடித்துக்கொண்டிருந்த இருண்ட காலம் அது. அப்போது ஒரு சரித்திர நாடகத்தில் எல்.டி.சி. என்கிற கடைநிலைக் குமாஸ்தா ஒருவர் ராஜாவாகவும், அவருடைய அண்டர் செக்ரெட்டரி வாயிற்காப்போனாகவும் வேடம் போட நேர்ந்தது. ராஜா "யாரங்கே" என்றார். வாயிற்காப்போன் ஈட்டியோடு வந்து வணங்கினார். மறுநாள் காலை ஆபீசில் அந்த எல்.டி.சி. ஒரு ஃபைலோடு போய், மரியாதையாகத்தான், நின்றார். அண்டர் செக்ரெட்டரியின் கண்ணுக்கு அவர் தலையில் இன்னும் கிரீடம் இருப்பதாகவே பட்டது. அடுத்த வாரம் ராஜாவை கோஹிமாவுக்கு மாற்றினார்கள். அந்த ஆண்டுப் பொதுக்குழுவில் விதி பதினான்கு ஆ ஏகமனதாக நிறைவேறியது.

அன்றிலிருந்து மன்றத்தில் பதவி ஏற ஏற வயது குறைந்தது. ஐம்பத்தாறு வயதான ஜாயிண்ட் செக்ரெட்டரி ராமசுப்ரமணியன் கல்லூரி மாணவனாகப் புத்தகத்தோடு துள்ளி வந்தார். பெண்களுக்குக் கணவன்மார்களின் பதவியே வயதை நிர்ணயித்தது. ஜாயிண்ட் செக்ரெட்டரியின் மனைவி வத்சலாவுக்குப் பதினெட்டு. டெபுடி செக்ரெட்டரியின் மனைவிக்கு இருபத்திரண்டு, தோழி வேடம். கல்யாணமாகி ஆறு மாதமான ஒரு செக்ஷன் ஆபீசரின் மனைவிக்குத் தலையில் மாவு தடவி, வத்சலாவின் தாயாராக உட்காரவைத்து இருமச் சொன்னார்கள். டாக்டர் வேடம் கெஜட்டட் பதவிக்காரர்களுக்கு மட்டுமே. ஒருவர் இறந்துவிட்டார் என்று சான்றளிப்பது மற்றவர்களால் எப்படி முடியும்?

மாசிலாமணி ஓர் அமைச்சகத்தில் அசிஸ்டெண்ட், செக்ஷன் ஆபீசருக்கு ஒரு படி கீழே. ராமசுப்ரமணியன் அதே அமைச்சகத்தில்தான் ஜாயிண்ட் செக்ரெட்டரி. ஆகவே மாசிலாமணிக்குத் தண்ணீர்ச் செம்பு.

செம்பை அவர் குறைவாக நினைக்கவில்லை. நடிப்பில் பெரிது சிறிது கிடையாது என்று எண்ணுகிறவர் அவர். அப்படி எண்ணியே தீரவேண்டிய பதவியில் இருந்தார் என்றும் சொல்லலாம். மன்றத்துக்கு அவரிடம் ஒரே ஒரு குறைதான். அது அவருடைய முதுகு.

தாமிரபரணிக் கரையில் இருந்து வந்த அந்தக் குடும்பத்துக்கு நிலபுலன் எல்லாம் போய் மிஞ்சியது முதுகு ஒன்றுதான். மாசிலாமணியின் தாத்தா கலெக்டர் முன்னால் நின்றுகொண்டே பேசினார். அப்பா, நெல்லையப்பர் சன்னிதியில்கூடக் கைகூப்பி நிற்பாரே தவிர தரையில் விழமாட்டார். "நான் இங்க நிக்கது சாமிக்குத் தெரியுதுல்லா, பொறவு எதுக்கு விழுந்து காட்டணும்" என்பார். மாசிலாமணியின் கல்யாணத்தில் பெரியவர்கள் ஆசீர்வாதம் செய்யத் தயாராக நின்றபோது, "பயலுக்கு நின்னமேனிக்கே திருநீறு பூசிவிடுங்க, போதும்" என்று சொல்லிவிட்டார். இது நல்ல வழக்கமா என்று கேட்கலாம். அது அவர்கள் வீட்டு வழக்கம். ஒரு குடும்பம் ஏதாவது ஒன்றையாவது மாற்றாமல் வைத்துக்கொள்ள வேண்டும்.

அந்த முதுகோடு அவர் செம்பைக் கொண்டுவரும்போது, வேலைக்காரன் வருவதாக யாருக்கும் தோன்றாது. வீட்டை வாங்க வந்தவர், பார்த்துவிட்டுப் போகிற வழியில் ஒரு செம்பையும் எடுத்துக்கொண்டதுபோல இருக்கும்.

"மாசிலாமணி, கொஞ்சம் பெண்ட் ஆகணும்யா," என்பார் மன்றச் செயலாளர் லட்சுமணன். இவர் அண்டர் செக்ரெட்டரி. நாடகங்களை எழுதுபவரும் இவர்தான். எழுதும் பொறுப்பு அண்டர் செக்ரெட்டரி மட்டத்தில் இருப்பதால் அவர் எழுதுகிறார்.

"முயற்சி பண்ணுதேன் சார்," என்பார் மாசிலாமணி. இருபத்திரண்டு வருடமாக முயற்சி செய்துகொண்டிருந்தார்.

எழுபத்தொன்பது பிப்ரவரியில் சென்னையில் இருந்து ஒரு சினிமாக் கம்பெனி தில்லிக்கு வந்தது. படத்தில் ஒரு கவர்னர் தேநீர் விருந்து கொடுக்கிறார். கவர்னராகவும் விருந்தினர்களாகவும் நிற்க ஆள் வேண்டும் என்று மன்றத்தைக் கேட்டார்கள். மன்றம் உடனே செயற்குழு கூடி, விதி பதினான்கு ஆ-வின்படி ராமசுப்ரமணியனைக் கவர்னராக நியமித்தது. மாசிலாமணி தட்டில் கோப்பைகளைக் கொண்டுவர வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை காலை, ஒரு பழைய மாளிகையின் புல்வெளி. ராமசுப்ரமணியன் புதிதாகத் தைத்த குளோஸ் கோட்டில் வந்தார். "சார், அந்தக் கதவுல இருந்து இப்படி நடந்து வாங்க," என்றார் டைரக்டர். ராமசுப்ரமணியன் நடந்தார். நாலடி நன்றாகத்தான் வந்தது. ஐந்தாவது அடியில் கேமரா கண்ணில் பட்டதும் தோள் உள்ளே போயிற்று, கை கோட்டுப் பொத்தானைப் பிடித்துக்கொண்டது, தலை ஒரு பக்கமாகச் சாய்ந்து ஒரு புன்சிரிப்போடு முன்னால் வந்தது. முப்பத்திரண்டு வருட சர்வீஸ் அப்படியே நடந்து வந்தது.

"கட். சார், கவர்னர் யாரைப் பாத்துக் குனியறாரு?"

"மேலே யாராவது இருப்பாரோன்னோ," என்றார் ராமசுப்ரமணியன்.

"இல்ல சார். இந்தச் சீன்ல கவர்னர்தான் பெரிய ஆளு."

"அதெப்படி? யாருக்கும் மேலே ஒருத்தர் உண்டே." அவர் உண்மையாகவே கவலைப்பட்டார்.

ஏழு முறை எடுத்தார்கள். ஏழு முறையும் கண்ணுக்குத் தெரியாத ஓர் அமைச்சர் எதிரே நின்றுகொண்டிருந்தார். எட்டாவது முறை டைரக்டர் தலையைத் திருப்பியபோது, பன்னிரண்டு கோப்பைகள் உள்ள தட்டை ஏந்தியபடி ஒருவர் புல்வெளியைக் கடந்துகொண்டிருந்தார். ஒரு கோப்பைகூட ஆடவில்லை.

"அவர் யாருய்யா?" என்றார் டைரக்டர்.

"அசிஸ்டெண்ட்," என்றார் லட்சுமணன்.

"யாருக்கு அசிஸ்டெண்டா இருந்தா எனக்கென்ன. அந்தத் தட்ட வாங்கிக்கிட்டு அவருக்குக் கோட்ட மாட்டுங்க."

அன்று மதியச் சாப்பாட்டுக்குள் காட்சி முடிந்தது. கவர்னர் நுழைகிறார். எல்லோரும் எழுந்து நிற்கிறார்கள். அவர் ஒரு கணம் பார்த்துவிட்டு, வலது கையை இடுப்பளவில் லேசாகத் தாழ்த்தி, "உட்காருங்கள்" என்கிறார். எல்லோரும் உட்காருகிறார்கள். மாசிலாமணியின் திரையுலக வாழ்க்கை அவ்வளவுதான். ஒரே ஒரு வார்த்தை. விருந்தினர்களில் ஒருவராக நின்ற ராமசுப்ரமணியனின் வலது முழங்கையும் கொஞ்ச நேரம் படத்தில் வந்தது.

படம் ஏழெட்டு மாதம் கழித்து தில்லிக்கு வந்தது. கரோல்பாக் பக்கத்துத் தியேட்டர் ஒன்றில் ஞாயிறு காலைக் காட்சி. தமிழ்ப் படத்துக்கு அந்த ஒரு காட்சிதான் கிடைக்கும். லக்ஷ்மிபாய் நகர், ராமகிருஷ்ணாபுரம் குவார்ட்டர்ஸ்கள் பாதி காலியாகித் தியேட்டருக்குள் வந்துவிட்டன. முதல் வரிசையைத் தவிர்த்து, மதிப்பான வரிசையில் ராமசுப்ரமணியன், வத்சலா. அவர்களுக்குப் பின்னால் பதவி இறங்க இறங்க மற்றவர்கள்.

பத்தாவது ரீலில் கதவு திறந்தது. கவர்னர் வந்தார்.

அப்போது நடந்ததற்கு யாரையும் குற்றம் சொல்வதற்கில்லை. தில்லியில் ஒரு மனிதன் பெரியவனா சிறியவனா என்பதை முகத்தைப் பார்த்து யாரும் முடிவுசெய்வதில்லை. கதவைத் திறந்துகொண்டு வருகிறவன் குனிந்து வந்தால் கீழே உள்ளவன். நிமிர்ந்து வந்தால் மேலே உள்ளவன். கால்கள் இதை மூளையிடம் கேட்காமலே தெரிந்து வைத்திருக்கின்றன. இருட்டில் எல்.டி.சி.க்கள் எழுந்தார்கள். செக்ஷன் ஆபீசர்கள் எழுந்தார்கள். ராமசுப்ரமணியன் கோட்டுப் பொத்தானைப் பிடித்தபடி பாதி எழுந்துவிட்டார்.

"உட்காருங்கள்," என்றார் திரையில் மாசிலாமணி.

உட்கார்ந்தார்கள்.

"உக்காருங்கோன்னா. அது நம்ம மாசிலாமணி," என்று வத்சலா கணவரின் சட்டையைப் பிடித்து இழுத்தது நாலு வரிசைக்குக் கேட்டது.

புதன்கிழமை மாசிலாமணிக்கு மன்றத்தில் இருந்து மெமோ வந்தது. 'தாங்கள் மன்றத்தின் முன் அனுமதியின்றிக் கவர்னர் பதவி வகித்ததாகத் தெரியவருகிறது. எந்தத் தேதியில் இருந்து எந்தத் தேதி வரை, யாருடைய ஆணையின் பேரில் வகித்தீர்கள் என்பதை மூன்று நாட்களுக்குள் விளக்கவும்.' மாசிலாமணி தெளிவான கையெழுத்தில் பதில் எழுதினார். 'மேற்படி பதவியை 11.2.79 அன்று காலை பத்தரை மணி முதல் மதிய உணவு வரை வகித்தேன். உணவுக்கு முன் கோட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். அதன்பின் பதவியில் தொடரவில்லை என்று உறுதி கூறுகிறேன்.'

அவசரச் செயற்குழு கூடியது. ராமசுப்ரமணியன் பேசினார்.

"நான் பதவியெல்லாம் பார்க்கறவன் இல்லை. என் டிரைவரைக்கூடப் பேர் சொல்லித்தான் கூப்பிடறேன். பேர் ஞாபகம் வராதபோதுதான் 'ஏய்'. கலைக்கு முன்னாடி எல்லாரும் சமம். எல்லாரும் சமமா இருக்கறதாலதான், யார் எங்கே நிக்கணும்னு ஒரு ஒழுங்கு அவசியமாறது. நான் அன்னிக்குத் தியேட்டர்ல எழுந்ததைப் பத்திச் சில பேர் பேசறாளாம். எனக்கு முதுகுப் பிடிப்பு. அதை யாரும் மினிட்ஸ்ல எழுத வேண்டாம்."

முதுகுப் பிடிப்பு, எழுத வேண்டாம் என்ற குறிப்போடு மினிட்ஸில் எழுதப்பட்டது.

கூட்டத்தின் முடிவில் இரண்டு தீர்மானங்கள். ஒன்று, திரையில் வகித்த பதவி மேடையில் முன்னுரிமை கோர ஆதாரமாகாது. இரண்டு, அடுத்த நாடகம் லட்சுமணன் எழுதும் 'முனியன் விசுவாசம்'. ராமசுப்ரமணியன் இம்முறை மாணவர் வேடத்தை விட்டுக்கொடுத்து ஜமீன்தாராக நடிக்கச் சம்மதித்தார். முனியன் என்கிற பண்ணையாள், மாசிலாமணி. மூன்றாம் அங்கத்தில் முனியன், ஜமீன்தார் காலில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்து கதறுகிறான்.

எதற்காகக் கதறுகிறான் என்பதை லட்சுமணன் இன்னும் யோசிக்கவில்லை. விழுவதுதான் முதலில் முடிவாயிற்று.

*

நாடகம் எண்பத்தொன்று மார்ச்சுக்குத் தள்ளிப்போனது. அது மாசிலாமணிக்கு இன்னும் சங்கடமாயிற்று. அந்த ஜூலையில் அவருக்கு ரிடையர்மெண்ட். ஏப்ரலில் செக்ஷன் ஆபீசர் பதவி உயர்வுக் கமிட்டி. தலைவர் ராமசுப்ரமணியன். மே மாதம் மகள் மீனாக்ஷிக்குக் கல்யாணம். சம்பந்தி பரமசிவம், ராமகிருஷ்ணாபுரத்தில் இருப்பவர், பத்திரிகை அடிக்கிற விஷயமாகப் போன வாரம்தான் பேசியிருந்தார்.

"பேருக்குக் கீழ செக்ஷன் ஆபீசர்னு போட்டுறலாமாண்ணே?"

"இன்னும் வரலியே."

"வந்துரும்லா?"

"பாப்போம்."

ஒருநாள் மாலை ஃபைலோடு போனவரை ராமசுப்ரமணியன் நிறுத்தினார். "என்ன ஓய், ரிகர்ஸல் எப்படிப் போறது?"

"நல்லாப் போகுது சார்."

"ஏப்ரல்ல கமிட்டி. உம்ம பேர் இருக்கு. நான் பர்சனல் விஷயத்தை ஆபீஸ்ல கலக்கறவனே இல்லை. மார்ச் இருபத்தெட்டுல நாடகம். ஏப்ரல் ஏழுல கமிட்டி. ரெண்டுக்கும் சம்பந்தமே கிடையாது. தேதி மட்டும் பக்கத்துப் பக்கத்துல இருக்கு, அவ்வளவுதான்."

மாசிலாமணி முறைப்படி மன்றத்துக்கு விண்ணப்பித்தார். முனியன் நின்றபடியே கதற அனுமதி வேண்டும் என்பது கோரிக்கை. ஃபைல் கீழே இருந்து கிளம்பியது. ஒரு செக்ஷன் ஆபீசர், 'நின்றபடி கதறியதற்கு முன்னுதாரணம் இல்லை' என்று எழுதினார். லட்சுமணன், 'நின்றபடி கதறினால் கண்ணீர் பாதத்தில் படாது. கதையில் படுகிறது. மேலிட ஆணைக்கு' என்று எழுதினார். டெபுடி செக்ரெட்டரி, 'பேசவும்' என்று எழுதினார். யார் யாரோடு பேசவேண்டும் என்பது தெரியாமல் ஃபைல் மூன்று வாரம் அங்கேயே இருந்தது. கடைசியில் ராமசுப்ரமணியன் பச்சை மையில் எழுதினார்: 'பார்த்தேன். விழட்டும்.'

அதற்குள் விழுவது எப்படி என்று ஆராய ஓர் உபகுழு அமைந்திருந்தது. நாற்காலியில் இருந்து எத்தனை அடி, நெற்றி முதலில் படவேண்டுமா மார்பா, எழுந்திருக்க உத்தரவு வரும்வரை முகம் எந்தப் பக்கம் என்று ஐந்து முறை கூடிப் பேசினார்கள். உபகுழுவின் அறிக்கை வருமுன் விழுந்து பழகுவது முறையல்ல என்பதால், ஒத்திகையில் அந்தக் கட்டம் வரும்போது லட்சுமணன் "இங்கே விழுகிறார்" என்று மட்டும் சொல்லிவிட்டு அடுத்த வசனத்துக்குப் போவார். அறிக்கை நாடகத்துக்கு முந்திய நாள் வந்தது. அதன்படி மேடையில், ஜமீன்தார் நாற்காலிக்கு இரண்டடி முன்னால், சாக்பீஸால் ஒரு வட்டம் போட்டார்கள். பக்கத்தில் லட்சுமணனே குனிந்து எழுதினார்: விழ வேண்டிய இடம்.

லக்ஷ்மிபாய் நகர் வீட்டில் மாசிலாமணி இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை.

"விழுந்துட்டு எந்திரிச்சு வந்துருங்க," என்றாள் மனைவி இந்திராணி. "முனியன்தானே விழுதான். நீங்களா விழுதீங்க?"

"முனியனுக்குன்னு தனியா முதுகு இல்லியே இந்திராணி. ரெண்டு பேருக்கும் இது ஒண்ணுதான்."

"அப்ப விழாதீங்க."

"விழலேன்னா பத்திரிகையில அசிஸ்டெண்ட்னு வரும்."

"வரட்டும்."

"பரமசிவம் என்ன நெனைப்பாரு?"

"விழுந்தா அதையும் பாத்துக்கிட்டுதானே இருப்பாரு. ஆறாவது வரிசையில குடும்பத்தோட வந்து உக்காரப் போறாரு."

அதுதான் சிக்கல். விழுந்தால் சம்பந்தி பார்ப்பார். விழாவிட்டால் சம்பந்தி படிப்பார்.

தில்லியிலேயே பிறந்து வளர்ந்த மீனாக்ஷி தலையை வாரிக்கொண்டே சொன்னாள். "அரே அப்பா, டிராமாதானே. சோடோ, விட்டுத்தள்ளுங்க. எல்லாப் படத்துலயும் யாராவது யார் கால்லயாவது விழுந்துட்டுதான் இருக்காங்க."

"அவங்க வீட்டுல அப்படி இருக்கும்," என்றார் மாசிலாமணி.

இருந்தாலும் அவர் முடிவு செய்துவிட்டார். விழுவது என்று. நாடகத்தன்று சாயங்காலம் குளித்துத் திருநீறு பூசி, அப்பா படத்துக்கு முன்னால் கொஞ்ச நேரம் நின்றார். நின்றார் என்பதைக் கவனிக்க வேண்டும். மகளுக்காக ஒருமுறை என்று சொல்லிவிட்டுக் கிளம்பினார்.

*

அரங்கம் நிறைந்திருந்தது. முதல் வரிசை நடுவில் தலைமை விருந்தினர், ஒரு துணை அமைச்சர். முதல் இரண்டு அங்கங்களும் வழக்கம்போல நடந்தன. வத்சலா பதினெட்டு வயதில் ஊஞ்சலாடினாள். ஊஞ்சலை நாலு பேர் மறைவில் பிடித்துக்கொண்டார்கள். ஆறாவது வரிசையில் பரமசிவம் வேட்டி சட்டையில், பக்கத்தில் மனைவி, மாப்பிள்ளை. அவர்களுக்கு அடுத்து இந்திராணி மடியில் கைகளைக் கோத்துக்கொண்டு.

மூன்றாம் அங்கம். ராமசுப்ரமணியன் பட்டு அங்கவஸ்திரத்தோடு உயரமான நாற்காலியில் அமர்ந்திருந்தார். கால்களை வசதியாக முன்னால் நீட்டியிருந்தார். மேடைக் கதவு திறந்தது.

மாசிலாமணி விழுவதற்காகத்தான் வந்தார். இதில் யாருக்கும் சந்தேகம் வேண்டாம். நாலடி வைத்தார். ஐந்தாவது அடியில் வட்டத்தைப் பார்த்தார். வட்டத்துக்குள் போய் நின்றார். கீழே எழுதியிருந்ததைப் படித்தார். இருபத்தொன்பது வருடம் சர்க்கார் ஃபைலில் இருந்தவர், முழுவதும் படிக்காமல் எதிலும் கையெழுத்துப் போடாதவர். மூன்று சொற்களையும் படித்தார். முழங்கால் மடங்குவதற்காகக் காத்திருந்தார். மடங்கவில்லை. ஒத்திகை இல்லாத காரியம். முதுகு அதன் பாட்டுக்கு இன்னும் கொஞ்சம் நிமிர்ந்தது. தலையைத் தூக்கி எதிரே இருந்தவரைப் பார்த்தார்.

கதவு திறந்திருக்கிறது. ஒருவர் குனியாமல் வந்து எதிரே நிற்கிறார். பேசவில்லை. பார்க்கிறார். ராமசுப்ரமணியனின் முப்பத்துநாலு வருட சர்வீஸுக்கு வேறு எதுவும் தேவைப்படவில்லை. நீட்டியிருந்த கால்கள் உள்ளே போயின. கை, இல்லாத கோட்டுப் பொத்தானை அங்கவஸ்திரத்தில் தேடியது. தலை சாய்ந்தது. ஜமீன்தார் எழுந்து நின்றார்.

"யெஸ் சார்," என்றார். அது பின்வரிசைக்குக் கேட்கவில்லை. ஆறாவது வரிசைக்குக் கேட்டது.

மறைவில் நின்ற லட்சுமணன் கையில் இருந்த பிரதியைத் தலைகீழாகப் புரட்டினார். அந்த நிலையில் மாசிலாமணிக்குத் தெரிந்த ஒரே வசனம்தான் வாயில் வந்தது. வலது கை இடுப்பளவில் தாழ்ந்தது.

"உட்காருங்கள்," என்றார்.

ஜமீன்தார் உட்கார்ந்தார். லட்சுமணன் திரையை இழுத்துவிட்டார்.

கைதட்டல் அடங்க நேரமாயிற்று. துணை அமைச்சர் மேடைக்கே ஏறி வந்தார். மொழி தெரியாதவர் என்பதால் கதை அவருக்கு மிகத் தெளிவாகப் புரிந்திருந்தது. நில உடைமையாளர் உழைப்பாளியின் முன்னால் எழுந்து நிற்கிறார், வாஹ், நிலச் சீர்திருத்தத்தை இப்படி ஒரே அசைவில் யாரும் காட்டியதில்லை, இது யாருடைய யோசனை என்று இந்தியில் கேட்டார்.

ராமசுப்ரமணியன் தோளை உள்ளே இழுத்து, தலையைச் சாய்த்து, "என்னுடையதுதான் சார்," என்றார்.

இதைவிடப் பெரிய தவறை அவர் சர்வீஸில் செய்ததில்லை. துணை அமைச்சர் அங்கேயே உத்தரவு போட்டார். 'முனியன் விசுவாசம்' பிரசார நாடகமாகப் பம்பாய், நாக்பூர், கல்கத்தா, ஜாம்ஷெட்பூர் என்று தமிழர்கள் இருக்கும் ஊர்களில் எல்லாம் நடக்க வேண்டும். அந்தக் கட்டம் ஓர் அணுவும் மாறக்கூடாது.

மன்றம் தன் கடமையை மறக்கவில்லை. விழ வேண்டிய இடத்தில் விழாததற்கு விளக்கம் கேட்டு மாசிலாமணிக்கு மெமோ வந்தது. அவர் பதில் எழுதினார். 'உபகுழு குறித்த இடத்துக்குக் குறித்த நேரத்தில் சென்று சேர்ந்தேன். விழுவதற்குள் மேலதிகாரி எழுந்து நின்றுவிட்டார்கள். மேலதிகாரி நின்றுகொண்டிருக்கும்போது கீழ்ப் பதவியில் உள்ளவர் படுத்துக்கொள்வது அலுவலக மரபுக்கு விரோதம். ஆகவே நின்றேன். அவர்களை உட்காரச் சொன்னது, அவர்களுக்கு முதுகுப் பிடிப்பு உண்டு என்று மினிட்ஸில் படித்திருந்ததால்.'

இந்தப் பதிலில் பிழை கண்டுபிடிக்க இன்னொரு உபகுழு அமைத்தார்கள். அது இன்னும் கூடவில்லை.

ஏப்ரல் ஏழாம் தேதி கமிட்டி கூடியது. மாசிலாமணியின் ரகசிய அறிக்கையில் 'வளைந்துகொடுக்கும் தன்மை' என்ற கட்டத்துக்கு எதிரே பச்சை மையில் 'இல்லை' என்று இருந்தது. அவர் பேர் வரவில்லை. அந்த அறிக்கையில் எழுதப்பட்ட ஒரே உண்மை அது என்பதால் மாசிலாமணி மேல்முறையீடு செய்யவில்லை.

பத்திரிகை அச்சடிக்கக் கொடுக்கிற அன்று பரமசிவம் வீட்டுக்கு வந்தார். மாசிலாமணி அவரை உட்காரவைத்துவிட்டுச் சொன்னார்.

"அசிஸ்டெண்ட்னுதான் போடணும். அது வரல."

பரமசிவம் காபியை ஆற்றி ஒரு மடக்குக் குடித்தார். "ஜாயிண்ட் செக்ரெட்டரி எந்திரிச்சு நிக்கிற அசிஸ்டெண்ட்னு போடத்தான் ஆசை. கார்டுல எடம் காணாது," என்றார். "அசிஸ்டெண்ட்னே போடுவோம்ணே. ஊர்ல தெரியும்."

உள்ளே பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த இந்திராணி அதைக் கேட்டு, யாரும் கேட்காமலே இன்னொரு டம்ளர் காபி கொண்டுவந்து சம்பந்தி முன்னால் வைத்தாள்.

மே மாதத்துக்குள் நாடகம் ஐந்து ஊர்களில் நடந்தது. ஐந்து ஊர்களிலும் ராமசுப்ரமணியன் எழுந்து நின்றார். முதலில் மனமில்லாமல் எழுந்தார். நாக்பூருக்குப் பிறகு, பழக்கமாகிவிட்ட எதையும்போல, தானாகவே நடந்தது. விமர்சகர்கள் அவருடைய நடிப்பில் இப்போது இயல்பு கூடியிருப்பதாக எழுதினார்கள்.

கல்யாணம் ராமகிருஷ்ணாபுரத்தில் ஒரு கோயில் மண்டபத்தில். மன்றத்தார் எல்லோரும் வந்திருந்தார்கள். முன்வரிசையில், யாரும் சொல்லாமலே, பதவிப்படி அமர்ந்தார்கள். ராமசுப்ரமணியன் நடுவில், வத்சலா பக்கத்தில். அப்புறம் டெபுடி செக்ரெட்டரி, லட்சுமணன், மற்றவர்கள். ராமசுப்ரமணியன் பக்கத்தில் இருந்தவரிடம், சம்பந்தம் பரவாயில்லை, இடம்தான் சிறிது என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

மண்டபத்தின் பக்கக் கதவு திறந்தது. மாசிலாமணி சந்தனக் கிண்ணத்தோடு வந்தார். புது வேட்டி, தோளில் துண்டு, அந்த முதுகு.

ராமசுப்ரமணியன் பேச்சைப் பாதியில் விட்டு எழுந்து நின்றார்.

அவர் எழுந்ததால் டெபுடி செக்ரெட்டரி எழுந்தார். அவர் எழுந்ததால் லட்சுமணன். பிறகு வரிசையாகச் செக்ஷன் ஆபீசர்கள், அசிஸ்டெண்டுகள், யூ.டி.சி.க்கள், கடைசியில் எதற்கென்று தெரியாமல் மாப்பிள்ளை வீட்டார் இரண்டு வரிசை. மேளம் வாசித்தவர் கையை நிறுத்திவிட்டு யார் வந்திருக்கிறார் என்று எட்டிப் பார்த்தார். மணையில் இருந்த மாப்பிள்ளையும் எழப் போனான். மீனாக்ஷி அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

மாசிலாமணி கிண்ணத்தை இடது கைக்கு மாற்றிக்கொண்டார். மண்டபத்தை ஒரு தடவை பார்த்தார்.

"உட்காருங்கள்," என்றார்.

பதவி வரிசைப்படி உட்கார்ந்தார்கள்.